வீட்டுக் கடன்: மாதத் தவணையை மட்டும் பார்க்காதீர்கள்

தாம்பரத்திலோ மாதவரத்திலோ ஃபிளாட் பார்க்கப் போனால் பில்டர் முதலில் சொல்வது மாதத் தவணையைத்தான். நீங்கள் கேட்க வேண்டியது மொத்தம் எவ்வளவு கட்டுவோம் என்பதை.

50 லட்சம் கடன், 8.5% வட்டி, 20 ஆண்டு என்று வைத்துக்கொள்வோம். இஎம்ஐ சுமார் 43,400 ரூபாய். மொத்தம் கட்டுவது 1 கோடியே 4 லட்சம். அதில் 54 லட்சம் வட்டி! முதல் மாதத் தவணையில் 35,400 ரூபாய் வட்டிக்கே போய்விடும், அசலில் குறைவது 8,000 மட்டுமே. இதையே 30 ஆண்டாக நீட்டினால் இஎம்ஐ 5,000 ரூபாய் குறையும். ஆனால் வட்டி 88 லட்சத்தைத் தாண்டிவிடும். அந்த ஐயாயிரத்துக்காக 34 லட்சம் கூடுதலாகக் கொடுப்பது எனக்குக் கொஞ்சமும் சம்மதமில்லை.

போனஸ் வரும்போது ஆண்டுக்கு ஒரு இஎம்ஐ கூடுதலாக அசலில் கட்டுங்கள். 20 ஆண்டுக் கடன் மூன்று ஆண்டுக்கு மேல் முன்னதாகவே முடியும். தனிநபர் பெயரில் உள்ள, மாறும் வட்டி வீட்டுக் கடனுக்கு முன்கூட்டிக் கட்டினால் அபராதம் கிடையாது. ரிசர்வ் வங்கி விதி அது.

வட்டி ஏறினால் பல வங்கிகள் தவணையை அப்படியே விட்டு, காலத்தை நீட்டிவிடும். அப்போது இஎம்ஐயை உயர்த்திக்கொள்ளும் வாய்ப்பையும் தரவேண்டும் என்று ரிசர்வ் வங்கி 2023 ஆகஸ்டில் உத்தரவிட்டது. கிளைக்குப் போய் எழுதிக் கொடுங்கள்.