பழைய இடைத்தேர்தல் முடிவைப் படிப்பது எப்படி?

ஆசிரியர் வேலையில் இருந்தவரை வாக்கு எண்ணும் பணிக்கு என்னைத் தவறாமல் போட்டுவிடுவார்கள். அந்தப் பழக்கமோ என்னவோ, எந்த முடிவைப் பார்த்தாலும் யார் ஜெயித்தார் என்பதோடு விட மனசு வராது. 1908 ஏப்ரல் 24-இல் இங்கிலாந்தில் நடந்த வடமேற்கு மான்செஸ்டர் இடைத்தேர்தலை வைத்தே சொல்கிறேன்.

ஜாய்ன்சன்-ஹிக்ஸ், கன்சர்வேட்டிவ் கட்சி: 5,417 ஓட்டு. வின்ஸ்டன் சர்ச்சில், லிபரல்: 4,988. டேன் இர்விங், சோஷலிஸ்ட்: 276.

முதலில் தொகுதி ஏன் காலியானது என்று பாருங்கள். இங்கே யாரும் சாகவில்லை. புதுப் பிரதமர் அஸ்குவித், சர்ச்சிலை வர்த்தக வாரியத் தலைவராக்கி அமைச்சரவையில் சேர்த்தார். அத்தகைய பதவியை ஏற்கும் எம்.பி. மறுபடி தொகுதி மக்களிடம் போய் நிற்க வேண்டும் என்பது அன்றைய சட்டம். 1926-இல்தான் அது முழுதாக ஒழிந்தது. பல அமைச்சர்கள் போட்டியே இல்லாமல் திரும்பிவிடுவார்கள். சர்ச்சிலை அப்படி விடவில்லை.

அடுத்து, முந்தைய தேர்தலைப் பக்கத்தில் எழுதுங்கள். இதை விட்டால் படிப்பதில் அர்த்தமே இல்லை. 1906-இல் சர்ச்சில் 5,639, இதே ஜாய்ன்சன்-ஹிக்ஸ் 4,398. இப்போது கழியுங்கள். சர்ச்சில் இழந்தது 651, எதிராளி கூட்டியது 1,019. லிபரல்கள் கட்சி மாறியது மட்டுமே காரணம் என்றால் இந்தக் கணக்கு ஒட்டாது. பதிவான ஓட்டே 644 கூடியிருக்கிறது. மூன்றாமவர் ஓட்டைப் பிரித்துவிட்டார் என்று சொல்லத் தோன்றும். வித்தியாசம் 429, இர்விங்கின் 276-ஐயும் சேர்த்துக் கொடுத்தாலும் சர்ச்சில் 153-இல் தோற்பார். தோற்ற கட்சிக்காரர் சொல்லும் சமாதானத்தை எந்த ஊரிலும் கூட்டிப் பார்க்காமல் நம்பாதீர்கள்!

அப்புறம், பட்டியலில் இல்லாதவர்கள். அன்று பெண்களுக்கு ஓட்டே கிடையாது. ஆனாலும் வாக்குரிமை கேட்ட பெண்கள் சர்ச்சிலுக்கு எதிராக வீதியில் இறங்கினார்கள். மதுக்கடைகளில் பரிமாறும் பெண்களின் வேலைக்கு வேட்டு வைக்கும் மசோதாவை எதிர்த்து, வாக்குரிமைப் போராளி ஈவா கோர்-பூத்தின் அக்கா கான்ஸ்டன்ஸ் மார்க்கிவிச் நாலு குதிரை வண்டியைத் தானே ஓட்டிக்கொண்டு பிரசாரம் செய்தார். அது எத்தனை ஓட்டைத் திருப்பியது என்று எண்ணிக்கையில் தெரியாது. அதற்காக விட்டுவிடவும் கூடாது.

கடைசியாக, தோற்றவர் எங்கே போனார் என்று தேடுங்கள். சர்ச்சில் மே 9-இல் ஸ்காட்லாந்தின் டண்டீயில் நின்று 7,079 ஓட்டு வாங்கி ஜெயித்தார். அந்தப் பட்டியலின் கடைசி வரியையும் படியுங்கள்: மதுவிலக்குக்காரர் எட்வின் ஸ்கிரிம்ஜோர், 655. 1922-இல் அதே டண்டீயில் சர்ச்சிலைத் தோற்கடித்தவர்களில் அவரும் ஒருவர்.