கற்பனை உலகுக்கு இசைவேதம் எழுதும்போது எங்கே சறுக்குகிறோம்

மிகுபுனைவுக் கதைகளில் அடிக்கடி ஒரு புனித நூல் வரும். அதில் பாட்டுகள் இருக்கும், பாடினால் மந்திரம் நடக்கும். எனக்கு ரொம்பப் பிடித்த சமாசாரம் இது, அதனாலேயே பாழாகும்போது வருத்தமாக இருக்கிறது. பாழாவது பெரும்பாலும் ஒரே இடத்தில்தான்: நாயகன் குகையில் நூலைக் கண்டெடுக்கிறான், கட்டைப் பிரிக்கிறான், படிக்கிறான், உடனே பாடியும் விடுகிறான்.

மெட்டு எங்கிருந்து வந்தது?

ஏட்டில் இருப்பது சொல், மிஞ்சிப்போனால் சில குறிகள். இசை யாரோ ஒருவருடைய தொண்டையில் இருக்கிறது. சங்க இலக்கியமான பரிபாடலையே எடுத்துக்கொள்ளுங்கள். 70 பாடல்கள் இருந்ததாகச் சொல்கிறார்கள், முழுதாகக் கிடைத்தவை 22. பல பாடல்களின் அடியில் பாட்டை எழுதிய புலவர் பெயரோடு இசை அமைத்தவர் பெயரும் பண்ணும் (அந்தக் கால ராகம்) குறிக்கப்பட்டிருக்கின்றன: இசை அமைத்தவர்கள் நன்னாகனார், பெட்டனாகனார், கண்ணனாகனார், பண்கள் பாலையாழ், நோதிறம், காந்தாரம். இவ்வளவு தெரிந்தும் அன்று அவர்கள் பாடியபடி இன்று ஒரு வரியைக்கூட யாராலும் பாட முடியாது. புதுக்கோட்டைப் பக்கம் குடுமியான்மலைப் பாறையில் பாட்டு வரிகளே இல்லாமல் சுரங்களை மட்டும் வெட்டி வைத்திருக்கிறார்கள், ர, ரி, ரு, ரெ என்று ஒரே சுரம் நான்கு உயிரெழுத்துகளோடு வருகிறது, அது எதைக் குறிக்கிறது என்று அறிஞர்கள் இன்னும் விவாதிக்கிறார்கள். ஐரோப்பாவில் 9ஆம் நூற்றாண்டுத் தேவாலய ஏடுகளில் சொற்களுக்கு மேலே இருக்கும் கோடுகளும் கொக்கிகளும் குரல் ஏறுகிறதா இறங்குகிறதா என்று காட்டுமே தவிர எவ்வளவு என்று காட்டாது. ஏற்கெனவே பாட்டைக் கேட்டு மனப்பாடம் செய்தவனுக்கு அது ஒரு ஞாபகக் குறிப்பு, அவ்வளவுதான்.

ஆகவே உங்கள் நூலை முழுமையானதாகப் படைக்காதீர்கள். நூல் ஓரிடத்தில் இருக்கட்டும், இசை வேறு ஓர் ஆளிடம் இருக்கட்டும். தேவாரம் கண்டெடுத்த கதை இதைத்தான் செய்கிறது. தில்லையில் பூட்டிய அறைக்குள் ஏடுகளைக் கரையான் தின்றிருக்க, மிஞ்சியதை ராஜராஜனும் நம்பியாண்டார் நம்பியும் மீட்கிறார்கள். அதோடு முடியவில்லை, பண் தெரியவில்லையே! எருக்கத்தம்புலியூரில் சம்பந்தரின் பாட்டுக்கு யாழ் வாசித்த திருநீலகண்ட யாழ்ப்பாணர் மரபில் வந்த ஒரு பெண்ணைத் தேடிப் போகிறார்கள், பண் முறை அவளால்தான் அமைகிறது என்று திருமுறை கண்ட புராணம் சொல்கிறது. அரசனும் அடியாரும் அந்தப் பெண்ணின் குரலுக்காகக் காத்து நிற்கும் அந்த நேரம் இருக்கிறதே, ஒரு நாவலுக்கான கரு அதிலேயே இருக்கிறது. தேடல் நூலோடு முடிந்துவிட்டால் இதெல்லாம் உங்களுக்குக் கிடைக்காது.

அடுத்த தவறு, பிழையாகப் பாடினால் ஒன்றும் நடக்காமல் போவது, அல்லது ஏதோ வெடிப்பது. இரண்டுமே சோம்பேறித்தனம் என்பேன். வேத மரபில் துவஷ்டா என்ற தேவனின் கதை உண்டு. மகனைக் கொன்ற இந்திரனைப் பழிவாங்க வேள்வி செய்கிறான், ‘இந்திரசத்ரு’ என்ற சொல்லில் ஏற்றம் விழ வேண்டிய இடம் மாறிவிடுகிறது. இந்திரனைக் கொல்பவன் என்பது இந்திரனால் கொல்லப்படுபவன் என்று புரண்டுவிட, அந்த வேள்வியில் பிறந்த விருத்திரன் இந்திரன் கையாலேயே சாகிறான். எழுத்து ஒன்றுகூட மாறவில்லை, ஒலியின் உயரம் மட்டும்தான் மாறியது. மந்திரம் கேட்டதைச் சரியாகக் கொடுத்தது, கேட்டவன் கேட்ட விதம்தான் தவறு. பிழைக்கு இப்படி ஒரு தர்க்கம் இருந்தால் வாசகர் ஒவ்வொரு பாட்டையும் மூச்சைப் பிடித்துக்கொண்டு படிப்பார், அடுத்து என்ன தவறும் என்று அவரே ஊகிக்கத் தொடங்குவார்.

எந்தப் பாட்டையும் எங்கேயும் பாடலாம் என்று விட்டுவிடுவதும் நூலின் கனத்தைக் குறைக்கிறது. சாமவேதத்தின் கானங்களில் ஊருக்குள் பாடுபவை தனி, காட்டில் மட்டும் பாட வேண்டியவை தனி. சீக்கியர்களின் குரு கிரந்த சாஹிபில் பெரும்பகுதி 31 ராகங்களின்படி அடுக்கப்பட்டிருக்கிறது, அதாவது பாட்டு எங்கே உட்கார வேண்டும் என்பதையே ராகம் தீர்மானிக்கிறது. உங்கள் நூல் எதன்படி அடுக்கப்பட்டிருக்கிறது? பருவமா, காற்று வீசும் திசையா, பாடுபவரின் வயதா? இதை முடிவு செய்தாலே அந்த மக்கள் எதற்குப் பயந்தார்கள் என்பது பாதி தெரிந்துவிடும்.

அப்புறம், நூல் முழுக்க ஒரே குரலில் பேசக் கூடாது. நூற்றாண்டுகளாகக் கைமாறிய ஏட்டில் இடைச்செருகல் இருக்கும், உரைகாரர்கள் ஒருவரையொருவர் மறுப்பார்கள், ஒரு பாட்டையே வடக்கில் ஒரு மாதிரியும் தெற்கில் ஒரு மாதிரியும் பாடுவார்கள், எது சரி என்று அடித்துக்கொள்வார்கள். இரண்டுமே வேலை செய்தால்? அங்கேதான் கதை சூடு பிடிக்கும்.

வழிபாட்டில் இருக்கும் நூல்களிலிருந்து அமைப்பைக் கற்றுக்கொள்ளுங்கள், ஆனால் அவற்றின் மந்திர வரிகளைப் பெயர்த்தெடுத்து உங்கள் சூனியக்காரன் வாயில் வைக்காதீர்கள். அதை நம்பித் தினமும் பாடுகிறவர்கள் இருக்கிறார்கள்.

கடைசியாக, பாட்டு முழுவதையும் கதைக்குள் எழுதிவிடும் ஆசை. மலையையே நகர்த்தும் பாட்டு என்று நூறு பக்கம் சொல்லிவிட்டுப் பதினாறு வரி எதுகை மோனையோடு கொடுத்தால் அந்த வரிகள் அவ்வளவு பாரத்தைத் தாங்காது, எவ்வளவு நன்றாக எழுதியிருந்தாலும் தாங்காது. இரண்டு வரி போதும், நடுவில் ஒரு சொல் சிதைந்திருந்தால் இன்னும் நல்லது. மீதியைக் கேட்பவர்கள் வழியாகக் காட்டுங்கள்: யார் காதைப் பொத்திக்கொண்டார்கள், எந்தக் கிழவி கூடவே முணுமுணுத்தாள், யார் மெட்டு தவறுகிறது என்று முதலில் கண்டுபிடித்துக் கதவை நோக்கி ஓடினார்கள்.