டிஎல்எல் காணவில்லையா? பெயரை முழுசாகப் படியுங்கள்

அலுவலகத்தில் கணினிகளைப் பார்த்துக்கொள்வது என் வேலை. புது மென்பொருள் எதையாவது போட்டுவிட்டால், கொஞ்ச நேரத்தில் என் போனுக்குப் படங்கள் வரத் தொடங்கிவிடும். சிவப்புப் பெருக்கல் குறியோடு ஒரு சின்னப் பெட்டி, இன்ன கோப்பு இல்லாததால் நிரலை இயக்க முடியவில்லை என்று ஒரு வரி. பல படங்களில் கோப்பின் பெயர்தான் வெட்டுப்பட்டிருக்கும். ‘பெயர் முழுசாகத் தெரியும்படி இன்னொன்று அனுப்புங்க’ என்பதுதான் என் முதல் பதில். என்ன செய்யவேண்டும் என்பதில் முக்கால்வாசி அந்தப் பெயரிலேயே இருக்கிறது.

நினைவகத்தில் இடம் பிடிப்பது, எழுத்துகளைக் கையாள்வது போன்ற வேலைகள் எல்லா நிரலுக்கும் பொது. அதை ஒவ்வொரு நிரலும் தனித்தனியாகச் சுமக்காமல், பல நிரல்கள் பகிர்ந்துகொள்ளும் டிஎல்எல் (.dll) என்ற விண்டோஸ் கோப்புகளில் வைத்திருக்கிறார்கள். உங்கள் கணினியில் அவை ஏற்கெனவே இருக்கும் என்று நம்பித்தான் பல நிரல்கள் வருகின்றன. இல்லாவிட்டால், நிறுவுவதெல்லாம் ஒழுங்காக முடிந்திருக்கும். திறக்கும்போதுதான் பெட்டி வரும்.

இந்த இடத்தில் பலரும் செய்வது, கோப்பின் பெயரைத் தேடி, ‘இலவச டிஎல்எல்’ தரும் ஏதோ ஒரு தளத்திலிருந்து அந்த ஒரு கோப்பை மட்டும் இறக்கிப் போடுவது. தயவுசெய்து வேண்டாம். அதில் என்ன கலந்திருக்கிறது என்று தெரியாது என்பது ஒருபக்கம். கோப்பு சுத்தமாகவே இருந்தாலும், இவை கூட்டமாக வருபவை. ஒன்றைப் போட்டால் அடுத்தது இல்லை என்று புதுப்பெட்டி வரும். நாளைக்கு வரும் பாதுகாப்புத் திருத்தமும் அந்த ஒட்டுக்கோப்பைத் தொடாது.

சரி, பெயரைப் படிப்போம். விசிரன்டைம்140, எம்எஸ்விசிபி140 என்றால் மைக்ரோசாஃப்ட் இலவசமாகத் தரும் விஷுவல் சி++ ரீடிஸ்ட்ரிபியூட்டபிள் என்ற தொகுப்பைச் சேர்ந்தது. கடைசியில் உள்ள எண்தான் முக்கியம். 100 என்றால் 2010-ஆம் ஆண்டுத் தொகுப்பு, 110 என்றால் 2012, 120 என்றால் 2013. 2015-க்குப் பிறகு வந்தவை எல்லாமே 140-ஐ வைத்துக்கொண்டன. ஆகவே 140-க்கு ஆகப் புதிய தொகுப்பு ஒன்றைப் போட்டாலே போதும். ஆனால் 120 கேட்கும் நிரலுக்கு 140 உதவாது, 2013-ஐத்தான் தனியாகப் போடவேண்டும். விசிரன்டைம்140_1 என்று ஒட்டோடு கேட்டால், பெரும்பாலும் தொகுப்பு இருக்கிறது, ஆனால் பழசு என்று அர்த்தம். அந்தக் கோப்பு 2019 பதிப்போடுதான் சேர்ந்தது.

எண்ணுக்குப் பின்னால் ‘டி’ என்ற எழுத்து இருந்தால் (எம்எஸ்விசிபி140டி மாதிரி) தேடுவதை அங்கேயே நிறுத்துங்கள். அது நிரல் எழுதுபவர்கள் சோதனைக்கு வைத்திருக்கும் வடிவம், பிறருக்குக் கொடுப்பதற்கானது இல்லை. நிரலைக் கொடுத்தவரிடமே ‘ரிலீஸ் பில்டு’, அதாவது வெளியீட்டு வடிவம், அனுப்பச் சொல்லுங்கள்.

தொகுப்பை மைக்ரோசாஃப்டின் தளத்திலிருந்தே எடுங்கள். 32 பிட் நிரல்களுக்கு எக்ஸ்86, 64 பிட் நிரல்களுக்கு எக்ஸ்64 என்று இரண்டு இருக்கும். 64 பிட் விண்டோஸில் இரண்டையும் போடுங்கள், யோசிக்கவே வேண்டாம். 32 பிட் நிரல் அந்தக் கணினியிலும் எக்ஸ்86-ஐத்தான் கேட்கும். ஏற்கெனவே இருந்தால் ‘ரிப்பேர்’ பொத்தானை அழுத்துங்கள். அப்புறம் ஒருமுறை மறுதொடக்கம்.

கையால் கோப்பைப் போடுபவர்கள் மாட்டிக்கொள்வதும் இந்த 32, 64 விஷயத்தில்தான். சிஸ்டம்32 என்ற ஃபோல்டரில் இருப்பவை 64 பிட் கோப்புகள். 32 பிட் கோப்புகள் இருப்பது சிஸ்வாவ்64-இல். பெயர் வைத்தவர்களுக்குப் பழைய நிரல்கள் உடையக்கூடாது என்ற கவலை, நமக்குத் தலைவலி. மாற்றிப் போட்டால் ‘காணவில்லை’ என்ற செய்தி போய், 7பி என்று முடியும் ஒரு பிழை எண் வரும். அதைப் பார்த்தால், கையால் போட்டதை எடுத்துவிட்டு இரண்டு தொகுப்புகளையும் முறையாக நிறுவுங்கள்.

எல்லாமே விஷுவல் சி++ இல்லை. டி3டிஎக்ஸ்9_43 பழைய விளையாட்டுகள் கேட்பது. விளையாட்டுகளின் படம், ஒலியைக் கையாளும் மைக்ரோசாஃப்டின் தொகுப்பு டைரக்ட்எக்ஸ். ஜூன் 2010 தேதியிட்ட டைரக்ட்எக்ஸ் ரன்டைம் அந்தக் கோப்பைக் கொண்டுவரும். கணினியில் டைரக்ட்எக்ஸ் 12 இருக்கிறதே என்று கேட்பார்கள். இந்தப் பழைய கோப்புகள் அதில் வராது. கேட்கப்படுவது அந்த நிரலுக்கே உரிய கோப்பு என்றால், முதலில் விண்டோஸ் செக்யூரிட்டியில் ‘புரொடெக்‌ஷன் ஹிஸ்டரி’யைப் பாருங்கள். வைரஸ் தடுப்பான் அதைப் பிடித்து அடைத்து வைத்திருக்கலாம். நிரல் நம்பகமான இடத்திலிருந்து வந்தது என்றால் மட்டும் மீட்டெடுங்கள். சந்தேகமாக இருந்தால் நிரலையே நீக்கிவிடுவது நல்லது.

விண்டோஸின் சொந்தக் கோப்பே கெட்டிருந்தால், கமாண்ட் பிராம்ப்டை நிர்வாகியாகத் திறந்து, விண்டோஸோடே வரும் இரண்டு பழுதுபார்க்கும் கட்டளைகளை ஓட்டுங்கள். முதலில் டிஸ்ம் (ஆன்லைன், கிளீனப்-இமேஜ், ரெஸ்டோர்ஹெல்த் ஆகிய மூன்று சாய்கோட்டுச் சொற்களோடு), அது முடிந்ததும் எஸ்எஃப்சி ஸ்கேன்நவ். இந்த வரிசைதான் சரி: எஸ்எஃப்சி எந்தக் கிடங்கிலிருந்து நல்ல பிரதியை எடுக்கிறதோ, அதைச் சரிசெய்வது டிஸ்ம். கோப்பை விண்டோஸில் பதிவுசெய்யும் ரெக்எஸ்விஆர்32 கட்டளையை ஓட்டுங்கள் என்று யாராவது சொன்னால் கேட்டுக்கொண்டு விட்டுவிடுங்கள். அது அப்படிப் பதிவுசெய்யவேண்டிய காம் (COM) வகைக் கோப்புகளுக்கானது. விசிரன்டைமுக்கு ஓட்டினால் இன்னொரு பிழைச்செய்திதான் மிச்சம்.

சில நேரம் செய்தியே திசைதிருப்பும். பைத்தான் என்ற நிரல்மொழியில் ஒரு தொகுதியை இம்போர்ட் செய்தால் ‘டிஎல்எல் லோட் ஃபெயில்டு’ என்று வரும். போய்ப் பார்த்தால் அதில் சொன்ன கோப்பு கண்ணெதிரே இருக்கும். அந்தக் கோப்பு நம்பியிருக்கும் வேறொன்றுதான் இல்லை. ‘டிபென்டன்சீஸ்’ என்ற இலவசக் கருவியில் அந்தக் கோப்பைத் திறந்தால், யார் யாரைக் கேட்கிறார்கள் என்று கிளைகிளையாகக் காட்டும். இல்லாததைத் தனியாகக் குறித்தும் காட்டிவிடும்.

லினக்ஸில் இதே வேலையை எல்டிடி செய்கிறது. கட்டளைக்குப் பின் நிரலின் பாதையைக் கொடுத்தால் பட்டியல் வரும். ‘நாட் ஃபவுண்ட்’ என்ற வரியைப் பிடியுங்கள். உபுண்டு, டெபியனில் ஏபிடி-ஃபைல் சர்ச், ஃபெடோராவில் டிஎன்எஃப் புரொவைட்ஸ்: இரண்டும் அந்தக் கோப்பு எந்தப் பேக்கேஜில் இருக்கிறது என்று சொல்லும். லினக்ஸில் டிஎல்எல்-இன் இடத்தில் இருப்பவை எஸ்ஓ (.so) கோப்புகள், பின்னால் வருவது பதிப்பு எண். எஸ்ஓ.1 கேட்கும்போது எஸ்ஓ.3-க்கு அந்தப் பெயரில் ஒரு சிம்லிங்க் (வேறு கோப்பைச் சுட்டும் மாற்றுப்பெயர்) போட்டுச் சமாளிக்க வேண்டாம். பதிப்பு எண் மாறியதே உள்ளே ஒத்துவராத மாற்றம் இருப்பதால்தான். திறப்பதுபோல் திறந்து நடுவில் விழும். நம்பாத இடத்திலிருந்து வந்த நிரலின்மேல் எல்டிடியை ஓட்டாதீர்கள், சில சூழ்நிலைகளில் அது நிரலையே இயக்கிவிடக்கூடும்.

இன்னொன்று. நிறுவிய நிரல்களின் பட்டியலில் 2008, 2010, 2013 என்று விஷுவல் சி++ வரிசையாக நிற்பதைப் பார்த்து, இடம் காலியாகட்டும் என்று பழையதை நீக்கிவிடாதீர்கள். மிச்சமாகும் இடம் அற்பம். ஒவ்வொன்றையும் ஏதோ ஒரு நிரல் கேட்டுத்தான் வாங்கி வைத்திருக்கும்.