பழைய சீனத்தின் சடங்கும் சமயமும்: தவிர்க்க வேண்டிய தவறுகள்

கி.மு. 1200 வாக்கில், இன்றைய ஆன்யாங் நகரை ஒட்டியிருந்த, சீனத்தின் பழைய அரச மரபான ஷாங்கின் தலைநகரில் ஒரு குறி கேட்டார்கள். அரசன் வூ டிங்கின் மனைவி ஃபூ ஹாவுக்குப் பேறுகாலம் நெருங்கியிருந்தது. ஆமையின் அடி ஓட்டில் உட்பக்கமாக வரிசையாகக் குழி செதுக்கி வைத்திருப்பார்கள். பழுக்கக் காய்ச்சிய கோலை ஒரு குழியில் வைத்து அழுத்தினால் மறுபக்கம் விரிசல் விடும். அந்த விரிசலைப் பார்த்து அரசனே பலன் சொன்னான்: டிங் நாளில் பிறந்தால் நல்லது, கெங் நாளில் பிறந்தால் மிகவும் நல்லது. 31ஆம் நாள், இந்த இரண்டிலும் சேராத ஜியாயின் நாளில் குழந்தை பிறந்தது. 'நல்லதாக இல்லை, பெண்' என்று அதே ஓட்டில் வெட்டி வைத்துவிட்டார்கள்.

பழைய சீனத்தின் வழிபாட்டைப் பற்றி யாராவது கேட்டால் நான் இந்த ஓட்டிலிருந்துதான் தொடங்குவேன். இதில் நாள் இருக்கிறது, இடம் இருக்கிறது, கேட்டவரின் பெயர் இருக்கிறது. நம்மிடம் வரும் கட்டுரைகளிலும் காணொளிகளிலும் இந்த மூன்றும் தொலைந்துபோய், 'பண்டைய சீனர்கள் நம்பினார்கள்' என்ற ஒற்றை வாக்கியம்தான் மிஞ்சுகிறது. பெரும்பாலான தவறுகள் அங்கேதான் பிறக்கின்றன.

எல்லாக் காலத்தையும் ஒரே பானையில் போடுவது

கன்பூசியஸ் பிறந்தது கி.மு. 551. ஃபூ ஹாவுக்கும் அவருக்கும் நடுவே ஆறு நூற்றாண்டுக்கு மேல் இடைவெளி. தாவோ மதம் குருவும் சீடர்களும் கொண்ட ஓர் அமைப்பானது இன்னும் பிந்தி. சிச்சுவானில் கி.பி. 142ல் ஜாங் தாவோலிங் அதைத் தொடங்கியதாக அந்த மரபே சொல்கிறது. பௌத்தம் சீன அரசப் பதிவுகளில் தலைகாட்டுவது கி.பி. 65ல், லியூ யிங் என்ற இளவரசனைப் பற்றிய குறிப்பில். ஆகவே ஷாங் அரசனின் வழிபாட்டை 'கன்பூசியம், தாவோயிசம், பௌத்தம் ஆகிய மூன்று மதங்கள்' என்ற தலைப்பின் கீழ் விளக்க வழியே இல்லை. அவன் வேண்டிக்கொண்டது 'தி' என்ற பெருந்தெய்வம், ஆறு, மலை, காற்று, எல்லாவற்றுக்கும் மேலாகத் தன் முன்னோர்கள்.

சிங்கப்பூரிலும் பினாங்கிலும் இருப்பவர்கள் சீன நாட்காட்டியின் ஏழாம் மாதத்தில் இறந்தவர்களுக்காகத் தெருவோரம் காகிதப் பணம் எரிப்பதைப் பார்த்திருப்பீர்கள். அதைக் காட்டி 'இது மூவாயிரம் ஆண்டுப் பழக்கம்' என்று சொல்லிவிடுவது எளிது. ஷாங் காலத்தில் காகிதமே கிடையாது. நரகத்துக்குப் பத்து அரசர்கள் என்ற கற்பனையும் பௌத்தம் வேரூன்றிப் பல நூற்றாண்டு கழித்து, தாங் காலத்தில் (கி.பி. 7–10ஆம் நூற்றாண்டு) உருப்பெற்றதுதான். முன்னோருக்குக் கொடுக்கும் உணர்வு பழையது. கொடுக்கும் விதம் எத்தனையோ முறை மாறிவிட்டது.

இதே வகையில் இன்னொன்று. மரம், நெருப்பு, மண், உலோகம், நீர் என்ற ஐந்தைத் தமிழில் 'பஞ்சபூதம்' என்று எழுதிவிடுகிறோம். நம் ஐம்பூதத்தில் மரமும் உலோகமும் இல்லை. அவர்களுடைய ஐந்தில் காற்றும் வானும் இல்லை. அதோடு அவை பொருள்களை ஆக்கும் அடிப்படைக் கூறுகள் அல்ல, ஒன்றையடுத்து ஒன்று வரும் நிலைகள். ஒன்று மற்றொன்றைப் பிறப்பிக்கும், ஒன்று மற்றொன்றை அடக்கும். இது முழுக் கோட்பாடாகத் திரண்டது கி.மு. 3ஆம் நூற்றாண்டை ஒட்டித்தான்.

விதிப் புத்தகத்தை நடந்ததாக எடுத்துக்கொள்வது

சடங்கு நூல்கள் மூன்றைச் சீன மரபு பெரிதாகப் போற்றுகிறது. அவற்றில் சொல்லப்படுவது ஷாங்கை அடுத்து ஆண்ட ஜோ மரபின் கோமகன் கி.மு. 11ஆம் நூற்றாண்டில் வகுத்த ஒழுங்கு என்று நெடுங்காலம் நம்பினார்கள். நூல்கள் இன்றைய வடிவம் பெற்றதோ போரிடும் நாடுகளின் காலத்துக்கும் (கி.மு. 5–3ஆம் நூற்றாண்டு) ஹான் காலத்துக்கும் (கி.மு. 3 – கி.பி. 3ஆம் நூற்றாண்டு) இடையே. மண்ணைத் தோண்டிப் பார்த்தால் கணக்கு வேறு மாதிரி வருகிறது. ஜோ ஆட்சியின் தொடக்கத்தில் கல்லறைகளில் மதுக் கலங்கள் நிறைய இருக்கின்றன. கி.மு. 9ஆம் நூற்றாண்டில் அவை பெரும்பாலும் மறைந்து, இறைச்சி வேகவைக்கும் மூன்று கால் அண்டாக்களும் தானியக் கலங்களும் எண்ணிக்கை வைத்த தொகுதிகளாக வரத் தொடங்குகின்றன. ஒழுங்கு வந்தது உண்மை. வந்த காலம்தான் ஒன்றரை, இரண்டு நூற்றாண்டு பிந்தியது.

அந்த எண்ணிக்கையும்கூட ஏட்டில் உள்ளபடி நடக்கவில்லை. பேரரசனுக்கு 9 அண்டா, நாட்டுத் தலைவனுக்கு 7, அமைச்சனுக்கு 5, கீழ்நிலைப் பிரபுவுக்கு 3 என்று பிற்கால உரை ஒன்று சொல்கிறது. 1978ல் ஹூபேய் மாகாணத்தின் சுய்ஜோவில் ஜெங் என்ற சிறிய நாட்டின் தலைவன் யீயின் கல்லறையைத் திறந்தார்கள். கி.மு. 433 வாக்கில் அடக்கம் செய்யப்பட்டவன். உள்ளே 9 அண்டாவும் 8 தானியக் கலமும் இருந்தன. 65 வெண்கல மணிகள் சட்டத்தில் தொங்கியபடி இருந்தன. தட்டும் இடத்தைப் பொறுத்து ஏறக்குறைய எல்லா மணியும் இரண்டு சுரம் தரும். சவப்பெட்டிகளில் 21 இளம்பெண்கள். விதியை மட்டும் படித்துவிட்டு எழுதுகிறவருக்கு இந்த மனிதன் கண்ணில் படவே மாட்டான்.

முன்னோர் வழிபாடு என்றால் பாசம் மட்டும்தானா?

நமக்குத் திவசமும் தர்ப்பணமும் தெரியும் என்பதால், 'அட, நம்மைப் போலவேதான்' என்று சட்டென்று சொல்லிவிடுகிறோம். அந்த நெருக்கம் படிக்கத் தூண்டுகிறது, அது நல்லதுதான். ஆனால் அதோடு நின்றால் முக்கியமான ஒன்று தவறிப்போகும். ஷாங் அரசனுக்குப் பல்வலி வந்தால், 'இது தந்தை யீயின் வேலையா? தந்தை யீயின் வேலை இல்லையா?' என்று குறி கேட்டான். செத்துப்போன அப்பா பல்லைப் பிடித்து வலிக்க வைக்கக்கூடியவர். எந்த முன்னோருக்கு என்ன மனக்குறை, எத்தனை மாடு கொடுத்தால் தணிவார் என்று கண்டுபிடிப்பது அரச வேலையில் பெரும் பகுதி. அன்பு இருந்திருக்கலாம், ஆனால் ஓட்டில் பேசுவது அச்சமும் பேரமும்.

முன்னோர் ஒவ்வொருவருக்கும் ஒரு நாள் உண்டு. ஷாங் வாரம் பத்து நாள் கொண்டது. இறந்தவருக்கு அந்தப் பத்துப் பெயரில் ஒன்றைச் சூட்டி, பொதுவாக அந்த நாளிலேயே படையல் போடுவார்கள். பெண் குழந்தை பெற்றதை 'நல்லதில்லை' என்று எழுதினார்களே, அந்த ஃபூ ஹாவ் படை நடத்தியவள். ஒரு குறி எலும்பு அவளுக்குத் திரட்டிய ஆட்கள் 13,000 என்கிறது. 1976ல் அவள் கல்லறை கொள்ளை போகாமல் கிடைத்தது. 468 வெண்கலப் பொருள்கள், 755 பச்சைக்கல் பொருள்கள், ஏறக்குறைய 7,000 சோழிகள், பலியாக 16 மனிதர்கள். இறந்தபின் அவள் 'தாய் ஷின்' ஆனாள், ஷின் நாளில் படையல் பெறுகிற முன்னோர்களில் ஒருத்தியானாள். 'பழைய சீனத்தில் பெண்ணுக்கு மதிப்பே இல்லை' என்றோ 'பெண்ணுக்குச் சம உரிமை இருந்தது' என்றோ ஒரு வரியில் முடிக்க நினைக்கிறவர்கள் இந்த ஒருத்தியை வைத்துப் பார்க்கட்டும்.

ஜோ காலத்துக்கு வந்தால் எனக்கு மிகவும் பிடித்த சடங்கு ஒன்று இருக்கிறது. தமிழில் இதைப் பற்றி யாரும் அதிகம் பேசுவதில்லை. படையலின்போது இறந்த தாத்தாவின் இடத்தில் பேரனை உட்கார வைப்பார்கள். மகனை வைக்கக்கூடாது, பேரன்தான். தாத்தாவின் உடையை அணிந்து, அவர் இருக்கையில் அமர்ந்து, அவருக்கு வைத்ததை அவன் சாப்பிடுவான், மதுவை அருந்துவான். அவனைப் பெற்ற அப்பா எதிரே நின்று அவனுக்குப் பணிவிடை செய்வார், அவனை வணங்குவார். அந்த நேரத்தில் அவருக்கு அவன் மகன் அல்ல, தகப்பன். 'ஆவிகள் எல்லாம் குடித்து நிறைந்தன' என்று ஒரு பழைய சீனப் பாடல் சொல்கிறது. பேரன் எழுந்ததும் மணியும் முரசும் ஒலிக்க வழியனுப்பி, பாத்திரங்களை அகற்றி, உறவினர்கள் தனியாக விருந்துக்கு உட்காருவார்கள். சின், அதை அடுத்து வந்த ஹான் அரச மரபுகளின் காலத்தையொட்டி இந்த வழக்கம் மறைந்து, அந்த இடத்துக்கு இறந்தவர் பெயர் எழுதிய பலகை வந்துவிட்டது. இன்றைய சீன வீடுகளில் பலகையைப் பார்த்து 'ஆதியிலிருந்தே இப்படித்தான்' என்று எழுதினால், அந்தப் பேரனை அழித்துவிடுகிறோம்.

மொழிபெயர்ப்பில் வரும் வினை

'சொர்க்கத்தின் ஆணை' என்று தமிழில் அடிக்கடி பார்க்கிறேன். ஆங்கில வழியாக வந்த சொல். மூலத்தில் இருப்பது 'தியான்', அதாவது வானம். நல்லது செய்தவர்கள் போய்ச் சேரும் இடம் இல்லை அது. கி.மு. 1046 வாக்கில் ஷாங்கை வீழ்த்திய ஜோ மக்கள், ஒழுக்கம் கெட்ட அரசனிடமிருந்து ஆட்சியைப் பறித்து வேறொருவனிடம் கொடுக்கும் ஆற்றலாக வானத்தைப் பேசினார்கள். 'வானத்தின் ஆணை' என்றாலே போதும்.

'குய்' என்பதைப் 'பேய்' என்று எழுதுவதும் பாதிதான் சரி. இறந்தவர் எவரும் குய்தான். படையல் கிடைத்தால் உங்கள் முன்னோர், கிடைக்காமல் அலைந்தால் ஊருக்குத் தொல்லை.

'லி' என்ற சொல்தான் எல்லாவற்றிலும் கடினம். சடங்கு என்றால் குறுகிவிடுகிறது, மரியாதை என்றால் நீர்த்துவிடுகிறது. விருந்தினரை வரவேற்பது, வில்போட்டி நடத்துவது, துக்க உடையின் துணி எவ்வளவு முரடாக இருக்க வேண்டும் என்பது, எல்லாமே லி. அப்படியே 'லி' என்று வைத்துக்கொண்டு விளக்கிவிடுங்கள். கன்பூசியஸின் சீடர் ஒருவர், அமாவாசைச் சடங்குக்குப் பலி கொடுக்கும் ஆட்டை நிறுத்திவிடலாமே என்று நினைத்தார். 'நீ ஆட்டை நேசிக்கிறாய், நான் லியை நேசிக்கிறேன்' என்றார் கன்பூசியஸ். இந்த மனிதரை நாத்திகர் என்று சொல்வதும் தவறு, மதம் நிறுவியவர் என்று சொல்வதும் தவறு. ஆவிகளைப் பற்றிக் கேட்டபோது, மனிதருக்கே சரியாகப் பணி செய்யத் தெரியாதபோது ஆவிகளுக்கு எப்படி என்று திருப்பிக் கேட்டார். படையல் போடும்போதோ, அவர்கள் எதிரில் இருப்பதுபோலப் போடு என்கிறார்கள் அவர் மரபினர்.

பச்சை நிற வெண்கலம்

சின்னத் தவறுதான், ஆனால் படம் போடுகிறவர்கள் எல்லாரும் செய்கிறார்கள். சடங்குக் காட்சியை வரையச் சொன்னால் கலங்களைப் பச்சையாகத் தீட்டுகிறார்கள். பச்சை, மண்ணுக்குள் கிடந்து ஏறிய களிம்பு. வார்த்த புதிதில் அவை பொன்போல மின்னின. அவற்றின் மேலேயே 'மங்கல உலோகம்' என்று எழுதியிருக்கிறார்கள். அதோடு அவை காட்சிப் பொருள் அல்ல. அடியில் புகைக்கரி படிந்த கலங்கள் உண்டு, உண்மையிலேயே கொதிக்க வைத்தவை. ஆன்யாங்கில் 1939ல் கிடைத்த பெரிய நான்கு கால் அண்டா சுமார் 833 கிலோ. கலங்களின் மேல் முறைத்துப் பார்க்கும் விலங்கு முகத்துக்குத் 'தாவோதியே' என்று பெயர் சொல்கிறோம். அந்தப் பெயர் பல நூற்றாண்டு பிந்தியது. வார்த்தவர்கள் அதை என்னவென்று அழைத்தார்கள் என்பதற்கு அவர்கள் எழுத்தில் சான்று இல்லை.

தத்துவஞானிகளை ஊர் மக்களாக நினைப்பது

கன்பூசிய மரபின் சிந்தனையாளர் ஷுன்ட்ஸு கி.மு. 3ஆம் நூற்றாண்டில் எழுதினார்: மழை வேண்டிச் சடங்கு செய்தால் மழை வருகிறதே, ஏன்? ஒரு காரணமும் இல்லை, செய்யாமல் இருந்தாலும் வரும். இதைப் படித்துவிட்டுச் சீனம் முழுவதும் பகுத்தறிவாளர்கள் என்று முடிவு கட்டுபவர்கள் உண்டு. அடுத்து அவரே சொல்கிறார்: சான்றோர் இதை நாகரிகத்தின் அழகாகப் பார்க்கிறார்கள், மக்கள் தெய்வச் செயலாகப் பார்க்கிறார்கள்.

அந்த மக்கள் பக்கத்தைப் பார்க்க வேண்டுமானால் ஷுய்ஹூதிக்குப் போக வேண்டும். 1975ல் ஹூபேயில் ஒரு கல்லறையைத் தோண்டினார்கள். உள்ளே சின் அரசின் கீழ் வேலை பார்த்த ஷி என்ற அலுவலர், கி.மு. 217 வாக்கில் இறந்தவர். உடலைச் சுற்றி 1,100க்கும் மேற்பட்ட மூங்கில் சுவடிகள். பாதிக்கு மேல் சட்டம், தண்டனை, விசாரணை முறை. அவற்றோடு நாள் பார்க்கும் சுவடிகள் இரண்டு: எந்த நாளில் பயணம் போகலாம், எந்த நாளில் பெண் எடுக்கலாம். ஒன்றில் பேய் விரட்டும் பகுதியும் இருக்கிறது. காரணமே இல்லாமல் ஒரு பேய் விடாமல் தாக்கினால், பீச் மரத்தில் வில் செய்து, முள்மரத்தில் அம்பு செய்து, சேவல் இறகு கட்டி, கண்டதும் எய்துவிடு, நின்றுவிடும். வேறொன்றுக்கு நாய்ப்பீ கலந்து குளிக்கச் சொல்கிறது. காலையில் வழக்கு விசாரித்த அதே மனிதர் வைத்திருந்த சுவடி இது. அவருக்கு இரண்டும் ஒரே வாழ்க்கை. நாம்தான் சட்டத்தை ஒரு பாடப்புத்தகத்திலும் பேயை இன்னொன்றிலும் பிரித்துப் போட்டுவிடுகிறோம்.

அப்புறம், மனிதப்பலி. மறைப்பதும் தவறு, 'சீனர்கள் அப்படித்தான்' என்பதும் தவறு. சின் நாட்டில் கி.மு. 678ல் ஒரு கோமகனோடு 66 பேர், கி.மு. 621ல் இன்னொருவரோடு 177 பேர் புதைக்கப்பட்டார்கள் என்று பிற்காலச் சீன வரலாறே பதிவு செய்கிறது. கி.மு. 384ல் அங்கே அதைத் தடை செய்ததும் அதே வரலாற்றில் இருக்கிறது. 'சீனம்' என்பதும் அன்று ஒன்றல்ல. சிச்சுவானில் சான்ஷிங்துய் குழிகளில் 1986ல் கிடைத்த, கண் துருத்திய வெண்கல முகங்களுக்கு ஆன்யாங்கில் இணை இல்லை. அவை ஷாங்கின் சமகாலத்து வேறொரு மக்களுடையவை, வேற்றுக்கிரகத்தாருடையவை அல்ல.

செத்தபின் எங்கே போவார்கள் என்ற கேள்விக்கும் ஒரே பதில் கிடையாது. சாங்ஷாவின் மாவாங்துயில், ஹான் காலத்து மூன்றாம் கல்லறையில், ஒரு மரப்பலகை கிடைத்தது. அலுவலகக் கடிதம்போலத்தான் இருக்கிறது. தேதி: பன்னிரண்டாம் ஆண்டு, இரண்டாம் மாதம், வூசென் நாள், அதாவது கி.மு. 168. அனுப்புபவர்: வீட்டுக் காரியஸ்தர் ஃபென். பெறுபவர்: கீழுலகில் புதைபொருளுக்குப் பொறுப்பான அதிகாரி. பொருள் பட்டியல் ஒன்று அனுப்பியிருக்கிறேன், கிடைத்ததும் சரிபார்த்து மேலிடத்துக்குத் தெரிவிக்கவும் என்று எழுதி, இறந்த முதலாளியோடு கல்லறைக்குள் வைத்துவிட்டார்.