வேலையை விட்டு நீக்கினால் 60 நாளுக்குள் என்ன செய்ய வேண்டும்?

பினாங்கில், பாயான் லெப்பாஸிலோ பிறையிலோ, "நாளையிலிருந்து வர வேண்டாம்" என்று கம்பெனி சொன்னதும் நம் ஆட்கள் முதலில் போவது லேபர் ஆபிஸுக்கு. சம்பள பாக்கி, ஓவர்டைம், நோட்டீஸ் பணம் இவற்றுக்கு அதுதான் இடம். நியாயமான காரணமில்லாமல் நீக்கினார்கள், வேலை திரும்ப வேண்டும் என்றால் போக வேண்டியது தொழிலுறவு இலாகாவுக்கு; மலாயில் ஜபாத்தான் பெர்ஹுபுங்கான் பெருசஹாஆன். வழி மலேசியாவின் 1967ஆம் ஆண்டுத் தொழிலுறவுச் சட்டம், 20ஆம் பிரிவு. கட்டணம் கிடையாது, சம்பள உச்சவரம்பும் கிடையாது. அரசாங்க ஊழியர்களுக்கு மட்டும் இந்த வழி இல்லை.

1. நாளை எண்ணுங்கள்

மனு 60 நாளுக்குள் போய்ச் சேர வேண்டும். ஞாயிறும் பொது விடுமுறையும் கணக்கில் சேரும். மார்ச் 3இல் நீக்கினால் கடைசி நாள் மே 2. அதற்கு முந்திய நாள் தொழிலாளர் தின விடுமுறை என்பதையும் பாருங்கள். நோட்டீஸ் கொடுத்து நீக்கினால், நோட்டீஸ் ஓடும்போதே மனு போடலாம். அது முடிந்த பிறகும் 60 நாள் உண்டு.

நல்ல வழக்குகள் தோற்பது பெரும்பாலும் இங்கேதான். கம்பெனியிடம் மேல்முறையீடு செய்துவிட்டு, "மேலிடத்தில் பேசிப் பார்க்கிறோம்" என்ற பதிலை நம்பிக் காத்திருப்பார்கள். அந்தக் காத்திருப்பு கடிகாரத்தை நிறுத்தாது. 61ஆம் நாள் போனால் இலாகா மனுவை ஏற்காது. பேச்சுவார்த்தை நடக்கட்டும், மனுவையும் போட்டுவிடுங்கள்.

2. விலகல் கடிதத்தில் கையெழுத்துப் போடாதீர்கள்

"நீங்களே எழுதிக் கொடுத்தால் ரெக்கார்டு கெடாது" என்பார்கள். கையெழுத்துப் போட்டால், கட்டாயப்படுத்தினார்கள் என்று நிரூபிக்கும் பாரம் உங்கள் தலையில் விழும். கம்பெனி நீக்கியது என்றால், காரணத்தை நிரூபிக்க வேண்டியது கம்பெனி. "முழுமையான, இறுதியான தீர்வு" என்று எழுதிய தாளிலும் இதே எச்சரிக்கை: படிக்காமல் கையெழுத்து வேண்டாம்.

3. தாள்களைச் சேருங்கள்

நியமனக் கடிதம், கடைசிச் சம்பளச் சீட்டுகள், காரணம் கேட்ட கடிதமும் உங்கள் பதிலும், உள்விசாரணைக் குறிப்புகள், நீக்கக் கடிதம், வாட்ஸ்அப் செய்திகள். கம்பெனி ஈமெயில் மூடப்பட்டால் அதிலுள்ளவை கைக்கு வராது. உங்களுக்கு வந்த கடிதங்களை முன்பே பிரிண்ட் எடுங்கள். நீக்கக் கடிதத்தில் சொன்ன காரணம் பொன் போன்றது. 1981இல் கூன் குவீ ஃபோய் என்பவரின் வழக்கில் வந்த தீர்ப்புப்படி, கம்பெனி காட்டிய காரணத்தைத்தான் நீதிமன்றம் ஆராயும்; பிற்பாடு புதிதாக ஒன்றைக் கண்டுபிடித்துக்கொண்டு வர முடியாது.

4. மனு கொடுங்கள்

மனுவில் "பழைய வேலையில் மீண்டும் அமர்த்த வேண்டும்" என்று தெளிவாக எழுதுங்கள். இழப்பீடு மட்டும் கேட்டு எழுதுவது வழக்கைப் பலவீனமாக்கும், ஏனெனில் 20ஆம் பிரிவே வேலையைத் திரும்பக் கேட்பதற்கானது. நேரில் கொடுத்து, உங்கள் பிரதியில் தேதி முத்திரை வாங்குங்கள்.

5. சமரசக் கூட்டம்

இலாகா இருதரப்பையும் அழைக்கும். இங்கே வழக்கறிஞர் உங்களுக்காகப் பேச முடியாது. தொழிற்சங்க அதிகாரி பேசலாம். தக்க காரணமின்றி வராமல் இருந்தால் மனுவை மீட்டுக்கொண்டதாகவே கருதுவார்கள். ஒத்துவராவிட்டால் வழக்கு தொழிலியல் நீதிமன்றத்துக்குப் போகும். 2021 ஜனவரி 1 முதல் அமைச்சரின் முடிவுக்குக் காத்திருக்க வேண்டியதில்லை. இலாகாவின் தலைமை இயக்குநரே அனுப்பிவைப்பார்.

6. எவ்வளவு கிடைக்கும்?

சமரசத் தொகை சொல்லப்படும்போது இந்தக் கணக்கு உங்கள் கையில் இருக்க வேண்டும். நீக்கிய நாளிலிருந்து, கடைசியாக வாங்கிய சம்பளப்படி, அதிகபட்சம் 24 மாதப் பின்சம்பளம், அதாவது நீக்கப்பட்டிருந்த காலத்துக்கான சம்பளம். தகுதிகாண் காலத்தில் இருந்தவருக்கு 12 மாதம். உறவு முறிந்து வேலைக்குத் திரும்ப வழியில்லை என்று நீதிமன்றம் கண்டால், அதற்கு ஈடாகச் சேவை ஆண்டு ஒன்றுக்கு ஒரு மாதச் சம்பளம் வழங்குவது வழக்கம்.

9 ஆண்டு வேலை, மாதச் சம்பளம் 2,400 வெள்ளி (ரிங்கிட்) என்று வையுங்கள். பின்சம்பளம் 57,600, ஈட்டுத்தொகை 21,600. மொத்தம் 79,200 வெள்ளி. இது உச்சவரம்பு. இடையில் வேறு வேலையில் சம்பாதித்ததற்கும், உங்கள் பக்கத் தவறுக்கும் நீதிமன்றம் கழிக்கும். அதற்குப் பயந்து வேலை தேடாமல் இருக்காதீர்கள். வழக்கு முடிய நாளாகும், வீட்டில் அடுப்பு எரிய வேண்டும்.

சொக்சோ எனும் சமூகப் பாதுகாப்பு நிறுவனத்தின் வேலை காப்புறுதி உதவித்தொகைக்கும் 60 நாள் கெடுதான். ஒழுங்கீனத்துக்காக நீக்கப்பட்டவருக்கு அது கிடைக்காது. ஆட்குறைப்பில் போனவர்கள் கட்டாயம் கேளுங்கள்.

7. தீர்ப்புக்குப் பிறகு

தீர்ப்பில் திருப்தியில்லை என்றால், அது கைக்கு வந்த 14 நாளுக்குள் உயர்நீதிமன்றத்தில் மேல்முறையீடு. ஜெயித்தும் கம்பெனி பணம் கட்டவில்லையா? 56ஆம் பிரிவின் கீழ் அதே தொழிலியல் நீதிமன்றத்தில் எழுத்துப்பூர்வமாகப் புகார் செய்யுங்கள்.