வேறு காலத்து ஓசை கேட்கும் கதையை எழுதுவது எப்படி

இன்றைய வீட்டுக்குள் இன்னொரு காலத்தின் ஓசை நுழைவதை வைத்துச் சிறுகதையோ ஒலி நாடகமோ எழுத விரும்புவோர், எந்த ஓசை என்பதை முதலில் முடிவு செய்ய வேண்டும். காலடிச் சத்தமும் அழுகுரலும் கதவு கிறீச்சிடுவதும் எல்லாக் காலத்துக்கும் பொதுவானவை. அவற்றைக் கேட்கும் பாத்திரத்தால் அது பக்கத்து வீட்டுச் சத்தமா, பழங்காலத்துச் சத்தமா என்று பிரித்தறிய முடியாது. வாசகரின் ஐயமும் அச்சமாக மாறாமல் குழப்பமாகவே நின்றுவிடும். ஆகவே காலம் சொல்லக்கூடிய ஓசையாகத் தேர்ந்தெடுங்கள்.

1914 செப்டம்பர் 22 இரவு எம்டன் என்ற ஜெர்மானியப் போர்க்கப்பல் சென்னைத் துறைமுகத்து எண்ணெய்த் தொட்டிகளின் மீது குண்டு வீசிய முழக்கத்துக்கு நாளும் இடமும் உண்டு. ஆயினும் இத்தகைய பெரிய சம்பவங்களைவிட அன்றாட வேலையின் ஓசையே கதைக்கு உகந்தது என்பது என் கருத்து. குண்டு முழக்கத்தை யாரும் அடையாளம் கண்டுகொள்வார்கள். மறைந்துபோன ஒரு வேலையின் ஓசையையோ அந்த வேலையோடு வாழ்ந்தவர் மட்டுமே அடையாளம் காண முடியும். அப்படிப்பட்ட ஒருவரைத் தேடிக் கொண்டுவர வேண்டிய தேவையே கதையை நகர்த்திவிடும்.

மாடுகளைப் பூட்டிக் கிணற்று நீரை இறைக்கும் கமலையை எடுத்துக்கொள்வோம். மாடுகள் சரிவில் இறங்கும்போது வடம் இழுபட்டு உருளை நீளமாகக் கிறீச்சிடும்; நீர் மொள்ளும் கலமான சால் மேலே வந்ததும் தண்ணீர் ஒரே வீச்சில் தொட்டியில் கொட்டும்; பிறகு மாடுகள் பின்னோக்கி ஏறும்வரை, ஓட்டுபவரின் அதட்டலைத் தவிர, எல்லாம் அடங்கியிருக்கும். பம்புசெட் வந்தபின் வழக்கொழிந்த இந்தத் தாளத்தை, கிணற்றைத் தூர்த்து மனை போட்ட இடத்தில் கட்டிய புது வீட்டின் படுக்கையறையில் விடியற்காலையில் ஒலிக்கச் செய்யுங்கள். அங்கு வாழும் இளம் தம்பதிக்கு அது என்னவென்று தெரியாது. குழாயைத் திருகிப் பார்ப்பார்கள், மாடியேறித் தண்ணீர்த் தொட்டி நிரம்பி வழிகிறதா என்று பார்ப்பார்கள். ஊரிலிருந்து வந்து தங்கியிருக்கும் தாத்தா பாயில் எழுந்து உட்கார்ந்து, “இந்நேரத்துல யாருப்பா கமலை எறைக்கிறது?” என்று இயல்பாகக் கேட்கும் இடத்தில்தான் கதை உண்மையில் தொடங்குகிறது.

இந்த வகைக் கதைகளில் பெரும்பாலும் கவனிக்கப்படாத ஒன்று உண்டு. எந்த ஓசையும் தனியாக நம் காதுக்கு வருவதில்லை. சுவர், தரை, கூரை ஆகியவற்றில் பட்டுத் திரும்பிய எதிரொலிகளையும் சேர்த்தே நாம் கேட்கிறோம். கண்ணை மூடிக்கொண்டு கைதட்டினாலே வெற்று அறையில் நிற்கிறோமா, துணிமணி நிறைந்த அறையில் நிற்கிறோமா என்று சொல்லிவிடலாம். ஆகவே வேறு காலத்து ஓசை தான் பிறந்த இடத்தையும் உடன் கொண்டுவர வேண்டும். பத்தடிக்குப் பத்தடி கான்கிரீட் அறைக்குள் ஒருவர் மாட்டை அதட்டினால் குரல் சுவர்களில் மோதிக் கணகணக்கும். நம் கதையில் வரும் அதட்டலோ வெட்டவெளியின் குரலாக, எதிலும் மோதாமல் விரிந்து தேய்ந்து போக வேண்டும். மனைவி பேசும்போது அறை எதிரொலிக்கிறது, அந்தக் குரலுக்கு மட்டும் அறையே இல்லை என்று கணவன் உணர்வதாக ஒரு வாக்கியம் எழுதினால், பேய் என்ற சொல்லே தேவைப்படாது.

அடுத்து, நிகழ்வுக்கு ஒரு விதி வேண்டும். பேசிய ஒவ்வொரு சொல்லும் காற்றின் துகள்களில் என்றென்றும் பதிந்திருக்கும் என்று கணித அறிஞர் சார்லஸ் பாபேஜ் 1837-இல் எழுதினார். இயற்பியலின்படி ஒலியின் ஆற்றல் விரைவிலேயே வெப்பமாகக் கரைந்துவிடுகிறது என்றாலும், கதைக்கு அவருடைய எண்ணம் நல்ல வித்து. காரணத்தை விளக்க வேண்டியதில்லை; ஆனால் எந்த இடத்தில், எந்த நேரத்தில், யாருக்குக் கேட்கும் என்பதை வரையறுத்துக்கொண்டு கடைசிவரை மீறாதீர்கள். மின்சாரம் போய், மின்விசிறியும் குளிர்பெட்டியும் ஓய்ந்த பிறகே கேட்கும் என்பது நம் வீடுகளுக்கு நன்கு பொருந்தும் விதி.

சாட்சியம் சொல்லும் முறைக்கு டியப் நிகழ்ச்சியைப் பாருங்கள். 1942 ஆகஸ்ட் 19 அன்று பிரான்சின் டியப் கடற்கரையில் நேச நாட்டுப் படைகள், பெரும்பாலும் கனடா நாட்டு வீரர்கள், இறங்கிப் பேரிழப்புக்கு உள்ளாயினர். 1951 ஆகஸ்ட் 4 விடியலில், அருகிலுள்ள புயி என்ற ஊரில் விடுமுறைக்குத் தங்கியிருந்த இரண்டு ஆங்கிலேயப் பெண்கள், கூக்குரலும் பீரங்கியும் விமானங்களும் எழுந்தெழுந்து அடங்குவதைக் கேட்டதாகக் கூறினர். துறைமுகத்தில் தூர்வாரும் இயந்திரத்தின் சத்தமாக இருக்கலாம் என்று பின்னர் மறுத்தோரும் உண்டு. நமக்குப் பயன்படுவது அந்தப் பெண்கள் செய்த காரியம்: கடிகாரத்தைப் பார்த்து, ஓசை எப்போது எழுந்தது, எப்போது நின்றது என்று நேரத்தைக் குறித்துக்கொண்டார்கள். உங்கள் பாத்திரமும் அலறுவதற்குப் பதிலாகக் குறிப்பெடுக்கட்டும், “4.10: கிறீச். தண்ணீர். நிசப்தம்.” என்ற வரி எந்த வருணனையையும்விட வலுவானது.

அந்தத் தூர்வாரும் இயந்திரத்தைப் போல, இயற்கையான விளக்கத்துக்கும் நியாயமாக இடம் கொடுங்கள். இரவில் தரையை ஒட்டிய காற்று குளிர்ந்து மேல்காற்று வெதுவெதுப்பாக இருக்கும்போது ஒலி கீழ்நோக்கி வளைகிறது. பகலில் கேட்காத தொலைதூர ரயில் விடியலில் தெளிவாகக் கேட்பது அதனால்தான். பக்கத்து ஊரில் எங்கோ கமலை ஓடுகிறது என்று கணவன் இதை வைத்தே வாதாடட்டும். பக்கத்து ஊர்களில் ஒரு கமலைகூட மிச்சமில்லை என்று தாத்தா சொன்ன பிறகு அந்த வாதம் தானாகவே விழுந்துவிடும்.

ஒலி நாடகமாகச் செய்பவர்கள் நிகழ்கால உரையாடலை அறைக்குள்ளும், வேறு காலத்து ஓசையைத் திறந்தவெளியிலும் பதிவு செய்ய வேண்டும். எதிரொலியைக் கூட்டிப் பயமுறுத்தும் பழக்கத்தை விட்டுவிடுங்கள். அது ஓசையைக் குகைக்குள் தள்ளிவிடும், வயலுக்குக் கொண்டுபோகாது. இறுதிக் காட்சியில் ஓசையை மேலும் உரக்கச் செய்வதற்குப் பதிலாகத் திசையை மாற்றிப் பாருங்கள்: தாத்தா இருட்டில் மாட்டின் பெயரைச் சொல்லிக் கூப்பிட, அங்கே சால் பாதியில் நின்று, தண்ணீர் கொட்டும் ஓசை அன்றைக்கு வராமல் போகட்டும்.