மணல் வண்டி பிடிபட்டால்: உரிமையாளர்கள் தவிர்க்க வேண்டிய தவறுகள்

சங்ககிரியில் லாரி வைத்திருப்பவரையோ ஆத்தூர்ப் பக்கம் டிராக்டர் வைத்திருப்பவரையோ கேட்டால், “மணல் கேஸ்தானே, அபராதம் கட்டினால் விட்டுவிடுவார்கள்” என்பார்கள். வண்டிகள் ஸ்டேஷன் வாசலில் மாதக்கணக்கில் துருப்பிடிப்பதற்கு இந்த நம்பிக்கை ஒரு பெரிய காரணம்.

ஒரே லோடுக்கு இரண்டு வழக்குகள் வரலாம். ஒன்று, 1957ஆம் ஆண்டின் கனிமச் சட்டப்படி வருவது. அதன் 21ஆவது பிரிவில் ஐந்து ஆண்டு வரை சிறைக்கு இடமுண்டு. வண்டியைப் பறிமுதல் செய்து அரசுடைமையாக்கவும் நீதிமன்றத்தால் முடியும். இன்னொன்று திருட்டு வழக்கு. முன்பு இந்திய தண்டனைச் சட்டத்தின் 379ஆவது பிரிவு, 2024 ஜூலை முதல் அதற்குப் பதிலாக வந்த பாரதிய நியாய சன்ஹிதாவின் 303ஆவது பிரிவு. ஆற்று மணல் அரசின் சொத்து என்பதால் திருட்டு வழக்கைத் தனியாக நடத்தலாம் என்று உச்ச நீதிமன்றம் 2014இல் சொன்னது. கனிமச் சட்டக் குற்றத்துக்குச் சமரசக் கட்டணம் (வழக்கை முடித்துக்கொள்ள அதிகாரியிடம் கட்டும் தொகை) கட்டினாலும் திருட்டு வழக்கு அதோடு முடியாது என்று 2020இல் இன்னொரு தீர்ப்பு வந்தது. ஆக, ரசீதை நீட்டி வண்டியைக் கேட்பவர் பாதி வழக்கைத்தான் பார்த்திருக்கிறார்.

வண்டி பிடிபட்ட அன்றே எப்.ஐ.ஆர். நகலை வாங்கிப் பாருங்கள். எந்தப் பிரிவுகள், பிடித்தது போலீஸா, வருவாய்த் துறையா, கனிமவளத் துறையா, வண்டி நீதிமன்றத்தில் ஒப்படைக்கப்பட்டுவிட்டதா என்பதெல்லாம் தெரியாமல் மனு போட்டால், “இங்கே வராதீர்கள், அங்கே போங்கள்” என்ற பதிலிலேயே வாரங்கள் ஓடிவிடும். பலர் இதை விட்டுவிட்டு ஆளும் கட்சியில் யாரைத் தெரியும் என்று தேடுகிறார்கள். நீதிமன்றத்தின் பொறுப்புக்குப் போய்விட்ட வண்டியைத் தாசில்தார் நினைத்தாலும் விட முடியாது.

“வண்டியை வீணாக நிறுத்தி வைக்கக் கூடாது என்று உச்ச நீதிமன்றமே சொல்லியிருக்கிறதே” என்ற வாதமும் அடிக்கடி வரும். உண்மைதான், 2002 தீர்ப்பு அப்படித்தான் சொல்கிறது. ஆனால் மணல் வண்டி என்றால் நீதிமன்றம் அத்தனை எளிதாக இறங்கி வராது. மணல் கடத்தல் வண்டிகளை விடுவிக்காமல் அரசுடைமையாக்கும் நடவடிக்கை எடுக்க வேண்டும் என்று 2018 அக்டோபரில் சென்னை உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளை கடுமையாகவே சொன்னது. அது தென்மாவட்டத்து வழக்கு, சேலத்துக்குப் பொருந்தாது என்று நினைக்க வேண்டாம். பிறகு நிபந்தனையோடு விடுவித்த உத்தரவுகளும் உண்டு. எனவே ஒரே ஒரு தீர்ப்பைப் பிடித்துக்கொண்டு வாதாடுவது ஆபத்து. கடுமைக்குக் காரணமும் இருக்கிறது. மணலைச் சுரண்டிவிட்டால் ஆற்றில் தண்ணீர் தங்காது, கரையோரக் கிணறுகள்தான் முதலில் காயும்.

நம் பக்கத்தில் அதிகம் சிக்கல் தருவது ஆர்.சி. புத்தகம். உரிமை மாற்றத்துக்கான 29, 30 படிவங்களில் கையெழுத்து மட்டும் வாங்கிக்கொண்டு, பெயர் மாற்றாமலே மூன்று கை மாறிய டிப்பர்கள் ஏராளம். வண்டியைக் கேட்டு மனு போடும்போது நீதிமன்றம் முதலில் பார்ப்பது பதிவில் இருக்கும் பெயரை. அந்த ஆள் தாரமங்கலத்தில் இருக்கிறாரா, திருப்பூருக்குப் போய்விட்டாரா என்று அப்போது தேடிப் பயனில்லை. பழைய உரிமையாளருக்கும் இது தலைவலிதான், போலீஸ் நோட்டீஸ் அவர் வீட்டுக்குத்தான் போகும். வண்டிக்குக் கடன் இருந்தால் பைனான்ஸ் நிறுவனத்துக்கும் உடனே எழுத்தில் தெரிவியுங்கள். அவர்களும் தனியாக மனு போட்டு உரிமை கேட்கலாம்.

“டிரைவர் எனக்குத் தெரியாமல் எடுத்துப் போய்விட்டார்” என்று வாயால் சொன்னால் எடுபடாது. அன்றைய வாடகைச் சீட்டு, ஜி.பி.எஸ். பதிவு, செல்போன் செய்தி என்று ஏதாவது கையில் இருக்க வேண்டும்.

ஒவ்வொரு நடைக்கும் வாங்க வேண்டிய அனுமதிச் சீட்டான நடைச்சீட்டு விஷயத்திலும் இதே அலட்சியம்தான். அதில் வண்டி எண், நேரம், போகும் இடம் எல்லாம் இருக்கும். காலையில் வாங்கிய சீட்டிலேயே மாலையில் இரண்டாவது நடை ஓட்டுவது, பிடிபட்ட பிறகு எங்கிருந்தோ ஒரு சீட்டைக் கொண்டுவருவது எல்லாம் வினையை விலைக்கு வாங்குவது. போலிச் சீட்டு என்றால் ஆவண மோசடி வழக்கும் சேரும். “இது மணல் இல்லை, வெறும் மண்” என்ற சாக்கும் நிற்காது. கட்டடத்துக்கோ சாலைக்கோ நிரப்பும் சாதாரண மண்ணும் 2000ஆம் ஆண்டிலிருந்து சிறு கனிமம்தான்.

வண்டியைப் பிடித்தபோது சாட்சிகள் முன் எழுதும் மகஜரைப் படிக்காமல் கையெழுத்துப் போடாதீர்கள். எத்தனை யூனிட், எந்த இடத்தில், எத்தனை மணிக்கு என்பதெல்லாம் பின்னாளில் உங்கள் வாதமே ஆகும். டயர், பேட்டரி, ஜாக்கி எல்லாம் அதில் எழுதியிருக்கிறதா என்று பாருங்கள், முடிந்தால் படம் எடுத்துக்கொள்ளுங்கள். வண்டி திரும்பி வரும்போது பேட்டரி இல்லை என்றால் கேட்க ஆதாரம் அதுதான்.

இடைக்கால உத்தரவில் வண்டி வந்தாலும் வழக்கு நடந்துகொண்டுதான் இருக்கும். பிணைப் பத்திரத்தில் பொதுவாக விற்கக் கூடாது, நிறமோ பாடியோ மாற்றக் கூடாது, கூப்பிட்டபோது கொண்டுவர வேண்டும் என்று எழுதியிருப்பார்கள். நல்ல விலை கிடைத்தது என்று வண்டியை நாமக்கல்லில் விற்றுவிட்டு, நீதிமன்றம் கேட்கும்போது கையைப் பிசைய வேண்டாம். இன்சூரன்சும் எப்.சி. என்ற தகுதிச் சான்றும் வண்டி ஸ்டேஷனில் நின்ற நாட்களில் காலாவதி ஆகியிருக்கும். அவற்றைப் புதுப்பித்த பிறகே சாலையில் இறக்குங்கள்.